மங்கோலியப் புல்வெளியும் ஒரு தொகுப்பு மேசையும்

குதிரை வீரன் ஒருவன் திரையின் இடப்புறத்திலிருந்து வலப்புறம் நோக்கி விரைகிறான். அவனைத் துரத்துகிறவர்களும் அதே திசையில் வர வேண்டும். ஆனால் படப்பிடிப்பின்போது யாரோ கவனிக்கத் தவறியதால், துரத்துகிறவர்களின் ஷாட் மட்டும் வலமிருந்து இடமாக எடுக்கப்பட்டுவிட்டது. அப்படியே ஒட்டினால் இரு தரப்பாரும் ஒருவரையொருவர் எதிர்கொள்ள வருவதுபோல் ஆகிவிடும். இதற்குப் படத்தொகுப்பு அறைகளில் ஒரு பழைய பரிகாரம் உண்டு: அந்த ஷாட்டை இடவலமாகத் திருப்பி அச்சிட்டுக்கொள்வது. பெரும்பாலான நாடுகளில் இது யார் கண்ணிலும் படாமல் போய்விடும். மங்கோலியாவில் அவ்வாறு போகாது. அங்கு ஆணும் பெண்ணும் அணியும் தேல் என்ற நீண்ட அங்கியின் இடப்பக்க மடிப்பு வலப்பக்கத்தின்மேல் படிந்து, வலப்புறத்தில் பித்தானிடப்படுவது. ஷாட்டைத் திருப்பிவிட்டால் அந்த மடிப்பு இடப்புறத்தில் மூடும். குதிரையின் இடப்புறத்தில் நின்று ஏற வேண்டியவன் வலப்புறத்திலிருந்து ஏறுவான். பின்னணியில் பழைய மங்கோலிய எழுத்தில் ஒரு பலகை இருந்தால், மேலிருந்து கீழாக ஓடும் அந்த எழுத்தின் பற்களும் வளைவுகளும் எதிர்ப்பக்கம் பார்த்து நிற்கும். நடக்கத் தொடங்கிய சில ஆண்டுகளிலேயே குதிரையேறிவிடும் மக்களுக்குப் படம் காட்டுகிற ஒருவருக்கு, இந்தப் பரிகாரம் கைக்கெட்டும் தூரத்தில் இருந்தும் பயன்படாது.

ஆரம்பகால மங்கோலியப் படங்களைக் கடந்த இரண்டு ஆண்டுகளாக, கிடைத்த பிரதிகளிலெல்லாம் பார்த்து வருகிறேன். படச்சுருளைக் கையால் வெட்டி ஒட்டிப் பழகிய கடைசித் தலைமுறையைச் சேர்ந்தவன் நான். ஆகவே எந்தப் படத்தைப் பார்த்தாலும் நடிப்பைவிட, ஒளிப்பதிவைவிட, இரண்டு ஷாட்டுகள் சந்திக்கும் இடத்தில்தான் என் கண் நிற்கிறது. மங்கோலியப் படங்களில் அந்தச் சந்திப்புகளைப் பார்க்கப் பார்க்க, அந்த மேசையில் உட்கார்ந்திருந்தவரின் தொழில்வாழ்க்கை எப்படி அமைந்திருக்கும் என்ற எண்ணம் என்னை விடவில்லை. எனவே இந்தப் பதிவுக்காக ஒரு பெண்ணை மனத்தில் நிறுத்திக்கொள்கிறேன். அவருக்குப் பெயர் வைக்கவில்லை; அவர் என் கற்பனை. அவரைச் சுற்றியிருந்த நாடும், படங்களும், ஆண்டுகளும் உண்மை. அவருக்கு 1935இல் 20 வயது என்று வைத்துக்கொள்வோம்.

அந்த ஆண்டைத் தேர்ந்ததற்குக் காரணம் உண்டு. 1921இல் புரட்சி நடந்து, 1924இல் மங்கோலிய மக்கள் குடியரசு அறிவிக்கப்பட்டு, அதன்பின் பதினோராண்டுகள் கழித்து 1935இல்தான் சோவியத் உதவியோடு உலான் பத்தூரில் மங்கோல்கினோ என்ற அரசுத் திரைப்பட நிறுவனம் தோன்றியது. அதற்கு முன்பே மங்கோலியரைப் பற்றிய ஒரு படம் உலகப் புகழ் பெற்றிருந்தது. வெசெவோலோத் புடோவ்கின் 1928இல் இயக்கிய அந்தப் படம் ரஷ்ய மொழியில் ‘செங்கிஸ்கானின் வாரிசு’ என்றும், மேற்கு நாடுகளில் ‘ஆசியாவின்மீது புயல்’ என்றும் அறியப்படுகிறது. ஆங்கிலேயத் தளபதியின் மனைவி நகை பூணுவதையும், மடாலயத்தில் லாமாக்கள் சடங்கு உடை உடுத்துவதையும் மாறி மாறி அடுக்கி, இரண்டும் ஒரே பாசாங்குதான் என்று சொல்லாமல் சொல்லும் பகுதி, படத்தொகுப்பைக் கற்கும் எவரும் ஒருமுறையாவது ஷாட் ஷாட்டாக எண்ணிப் பார்க்க வேண்டியது. ஆனால் ஆங்கிலேயர் மங்கோலியாவை ஆண்டதே இல்லை. படத்தின் நாயகனாக நடித்த வலேரி இன்கிஜினோவ், ரஷ்யாவுக்குள் வாழும் மங்கோலிய வழியினரான புரியாத்தியர். வெளிப்புறக் காட்சிகளில் பெரும்பகுதி புரியாத்தியாவில் எடுக்கப்பட்டது. மங்கோலியரின் முகமும் புல்வெளியும் மாஸ்கோவின் மேசையில், மாஸ்கோவின் வேகத்தில் அடுக்கப்பட்டன. நான் மனத்தில் வைத்திருக்கும் பெண் கற்றுக்கொள்ள வேண்டியிருந்த கலை இது. பிற்பாடு தன் நாட்டுக்காக அவர் மாற்றியமைக்க வேண்டியிருந்ததும் இதைத்தான்.

முதல் பாடம் 1936இல் வந்தது. லெனின்கிராதின் லென்பிலிம் நிறுவனத்துக்காக இல்யா டிராவுபெர்க் இயக்கிய ‘மங்கோலிய மைந்தன்’, மங்கோலிய நடிகர்கள் தங்கள் மொழியிலேயே பேசி நடித்த முதல் முழுநீளக் கதைப்படம். வலிமை தரும் கனி ஒன்றைத் தேடிப் புறப்பட்டு, எல்லை கடந்து, ஜப்பானியர் ஆதிக்கத்திலிருந்த பகுதிக்குள் போய்ச் சிக்கிக்கொள்ளும் செவென் என்ற மேய்ப்பனின் கதை அது. டிராவுபெர்க் 1929இல் எடுத்த ‘நீல எக்ஸ்பிரஸ்’ படமே துண்டு துண்டாகப் பாய்ந்தோடும் தொகுப்புக்குப் பேர்போனது. அவரது கையில் புல்வெளி எப்படி ஆயிற்று என்று பார்ப்பது எனக்குப் பெரிய பாடமாக இருந்தது: கூட்டம் இருக்கும் இடங்களில் அவர் வேகமாக வெட்டுகிறார், செவென் தனியாகக் குதிரையில் போகும் இடங்களில் பொறுமையாகக் காத்திருக்கிறார்.

அந்தப் படத்தில் இன்னொரு சிக்கலும் இருந்தது. தமிழ் வாசகர்களுக்கு இது மற்றவர்களைவிட எளிதில் புரியும். மங்கோலிய மொழியிலும் நம் மொழியைப் போலவே வினைமுற்று வாக்கியத்தின் கடைசியில்தான் வரும். மறுப்பும் வினையின் வாலில்தான் ஒட்டும். ‘யவ்ன’ என்றால் போவது. ‘யவஹ்குய்’ என்றால் போகமாட்டாதது. நாமும் ‘போவேன்’, ‘போகமாட்டேன்’ என்று கடைசி அசை வரைக்கும் கேட்பவரைக் காக்க வைக்கிறோம். பேசுகிறவர் முகத்திலிருந்து கேட்கிறவர் முகத்துக்கு எந்த இடத்தில் தாவுவது என்பது தொகுப்பாளர் நாள்தோறும் நூறுமுறை எடுக்கும் முடிவு. ரஷ்ய மொழியில் மறுப்புச் சொல் வினைக்கு முன்னாலேயே வந்துவிடும். கேட்கிறவரின் முகம் வாக்கியத்தின் நடுவிலேயே மாறத் தொடங்கலாம். மங்கோலியத்தில் அப்படித் தாவினால், செய்தி வந்துசேர்வதற்கு முன்பே அதிர்ச்சியடையும் முகத்தைக் காட்டியதாகிவிடும். மொழி தெரியாத ஒரு தொகுப்பாளர், எவ்வளவு தேர்ந்தவராக இருந்தாலும், பக்கத்தில் உட்கார்ந்து ‘இன்னும் இல்லை, இப்போது’ என்று சொல்லும் ஒருவர் இல்லாமல் அந்த உரையாடல்களை வெட்ட முடியாது. நான் நினைக்கும் பெண்ணின் முதல் வேலை அதுவாக இருந்திருக்கும் என்று கருதுகிறேன்: மொழி தெரிந்த காது.

இரண்டாவது வேலை ஒட்டுவது. இன்று கணினியில் வெட்டுகிறவர்களுக்கு இதைச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டும். 35 மி.மீ. சுருளில் ஒரு நொடிக்கு 24 பிரேம்கள். 300 மீட்டர் கொண்ட ஒரு ரீல் ஏறத்தாழ 11 நிமிடம் ஓடும். இரண்டு துண்டுகளைச் சேர்க்க, ஒன்றின் ஓரத்தில் படிந்திருக்கும் ரசாயனப் பூச்சைக் கூரிய அலகால் சுரண்டி, பிலிம் சிமென்ட் தடவி, மற்றதை அதன்மேல் படியவைத்து அழுத்த வேண்டும். ஒட்டின் இருபுறமும் ஒரு துளி அதிகமாகச் சுரண்டினால் ஒளி கசியும். குறைவாகச் சுரண்டினால் புரொஜக்டரின் பற்சக்கரத்தில் பிரிந்துவிடும். எல்லாவற்றையும்விட முக்கியமாக, ஒட்டியதைப் பிரித்து மறுபடி ஒட்டினால் ஒரு பிரேம் போய்விடும். போனது போனதுதான். ஆகவே மனம் மாறுவதற்கே ஒரு விலை இருந்தது. இதற்குப் பழகிய கைகள் வெட்டுவதற்கு முன் நீண்ட நேரம் யோசிக்கும்; சுருளை ஒளிப்பெட்டியின்மேல் முன்னும் பின்னும் நகர்த்தி, கண்ணாலேயே ஓட்டிப் பார்த்து, மெழுகு பென்சிலால் குறியிட்டு, பிறகுதான் கத்தரியை எடுக்கும்.

உலான் பத்தூரின் பருவநிலை இந்த வேலையை இன்னும் கடினமாக்கியது. கடல் மட்டத்திலிருந்து சுமார் 1,350 மீட்டர் உயரத்தில் இருக்கும் அந்நகரத்தில் ஜனவரி மாதச் சராசரி வெப்பநிலையே உறைநிலைக்குக் கீழே 20 டிகிரியைத் தாண்டும். காற்றில் ஈரமே இருக்காது. வறண்ட குளிரில் படச்சுருள் விறைத்து நொறுங்கும். அதை வேகமாகச் சுற்றினால் நிலைமின்சாரம் உண்டாகி, கழுவாத நெகடிவில் மரக்கிளை போன்ற மின்னல் தழும்புகள் விழும். வெளியிலிருந்து கொண்டுவந்த தகரப் பெட்டியை உடனே திறந்தால் சுருளின்மேல் பனித்துளி படியும். மணிக்கணக்கில் மூடியபடியே அறையில் வைத்துச் சூடேற விட வேண்டும். அறையைச் சூடாக்க அடுப்பு வேண்டும். ஆனால் அக்காலத்துச் சுருள் நைட்ரேட்டால் ஆனது, தீப்பொறி பட்டால் தண்ணீருக்குள் அமுக்கினாலும் எரிந்துகொண்டே இருக்கும். சிமென்ட் பிடிப்பதற்கு வெப்பம் தேவை, சுருள் பிழைப்பதற்கு அடுப்பு தள்ளியிருக்க வேண்டும். இந்த இரண்டுக்கும் நடுவிலுள்ள சில அடி தூரத்தில் ஒரு மேசையைப் போட்டுக்கொண்டு, கையுறையோடு உட்கார்ந்திருக்கும் ஒரு இளம்பெண்ணை நினைத்துப் பார்க்கிறேன்.

ஒரு கதைப்படத்துக்கும் அடுத்த கதைப்படத்துக்கும் இடையே ஆண்டுக்கணக்கில் இடைவெளி விழுந்த அந்நாட்களில், ஸ்டுடியோவின் அன்றாட வேலை செய்திப்படங்கள்: மே தின ஊர்வலங்கள், மாநாடுகள், கால்நடை, பள்ளிக்கூடங்கள். ஒரு தொகுப்பாளரின் கையைப் பழக்குவதற்குச் செய்திப்படத்தைவிடச் சிறந்த பள்ளி இல்லை என்பது என் உறுதியான நம்பிக்கை. அங்கே மறுபடி எடுத்துத் தருகிறேன் என்று சொல்ல இயக்குநர் இல்லை. வந்த துண்டுகள்தான் இருக்கும். அவற்றிலிருந்து ஒரு நிகழ்ச்சியைக் கட்ட வேண்டும்.

ஆனால் மங்கோலியாவில் 1930களின் பிற்பகுதியில் செய்திப்படம் வெட்டுவது கையைப் பழக்கும் வேலையாக மட்டும் இருந்திருக்க முடியாது. 1935இல் ஒரு விழா மேடையைப் படமெடுத்திருந்தால் அதில் பிரதமர் கெந்தெனும் போர் அமைச்சர் தெமித்தும் நின்றிருப்பார்கள். கெந்தென் 1936இல் பதவியிழந்து, 1937 நவம்பரில் மாஸ்கோவில் சுட்டுக் கொல்லப்பட்டார். தெமித் அதே ஆண்டு ஆகஸ்டில் மாஸ்கோ செல்லும் ரயிலில் இறந்தார். இறந்த பிறகு துரோகி என்று அறிவிக்கப்பட்டார். கெந்தெனுக்குப் பின் பிரதமரான அமர் 1939இல் நீக்கப்பட்டு 1941இல் கொல்லப்பட்டார். 1937இல் தொடங்கி 1939 வரை நீண்ட அந்த அடக்குமுறையில் 20,000க்கும் மேற்பட்டோர் கொல்லப்பட்டனர். அவர்களில் பெரும்பாலோர் லாமாக்கள். நாட்டின் மொத்த மக்கள்தொகையே 8 லட்சத்தைத் தொட்டிராத காலம் அது.

இதைத் தொகுப்பு மேசையின் பக்கத்திலிருந்து பாருங்கள். படமும் ஒலியும் ஒரே சுருளில் அச்சான பிரதியில், ஒலித்தடம் தனக்குரிய பிரேமுக்கு நேராக இருக்காது. ஏறத்தாழ 20 பிரேம் முன்னால் தள்ளியிருக்கும். ஆகவே ஒரு முகத்தை அப்பிரதியிலிருந்து வெட்டியெடுத்தால், அந்த முகம் போகும் இடத்தில் வேறொருவரின் குரல் அறுபடும். அந்த முகத்துக்குரிய கைத்தட்டல், முக்கால் நொடி தள்ளி, சுருளில் அப்படியே மிஞ்சியிருக்கும். நேற்றுவரை மேடையில் நின்றவர் இன்று காட்டத்தகாதவர் ஆகிவிட்ட ஒரு நாட்டில், பழைய சுருளைக் கையில் எடுக்கும் எவரும் இந்தக் கணக்கைப் போட்டிருப்பார். அப்படிப்பட்ட ஒட்டு ஒன்றைச் செய்துவிட்டு வீட்டுக்குப் போன ஒருவர் அன்றிரவு எப்படி உறங்கியிருப்பார் என்று எண்ணும்போது எனக்கு மனம் கனக்கிறது.

அந்தக் கொடுங்காலத்தின் நடுவிலேதான், 1938இல், மங்கோலியர் ஒருவரே இயக்கிய முதல் கதைப்படம் வந்தது என்பது வரலாற்றின் விசித்திரம். தெ. நத்சக்தோர்ஜ் இயக்கிய ‘நோர்ஜ்மாவின் பாதை’ அது. (நவீன மங்கோலிய இலக்கியத்தைத் தொடங்கிவைத்த கவிஞர் தாஷ்தோர்ஜின் நத்சக்தோர்ஜ் வேறு, அவர் 1937இலேயே மறைந்துவிட்டார். பெயர் ஒற்றுமையால் பலரும் குழம்புவதைப் பார்த்திருக்கிறேன்.) அடுத்த ஆண்டு, 1939 மே முதல் செப்டம்பர் வரை, கிழக்கெல்லையில் ஹல்ஹின் கோல் ஆற்றங்கரையில் ஜப்பானியப் படையோடு போர். போர்க்களத்திலிருந்து வரும் சுருள்களை உடனுக்குடன் வெட்டிக் கொடுக்கும் வேகத்தை அந்த நான்கைந்து மாதங்கள் கற்றுக்கொடுத்திருக்கும்.

இதற்கிடையே எழுத்தும் மாறியது. 1941 பிப்ரவரியில் லத்தீன் எழுத்தை ஏற்பதாக முடிவு செய்து, அடுத்த மாதமே அதைக் கைவிட்டு, சிரில்லிக் எழுத்துக்கு மாறுவதென்று அரசு தீர்மானித்தது. 1946 ஜனவரி முதல் அதுவே ஆட்சியெழுத்தானது. திரையில் எழுத்து காட்டும் ஒருவருக்கு இது எழுத்துரு மாற்றத்தோடு முடிகிற செய்தியன்று. செங்குத்தாக ஓடும் எழுத்தைப் படிக்கும் கண் மேலிருந்து கீழாக இறங்கும். கிடைமட்ட எழுத்தைப் படிக்கும் கண் இடமிருந்து வலமாக நகரும். எழுத்து அட்டை முடிந்து படம் வரும்போது பார்வையாளரின் கண் திரையின் எந்த மூலையில் நிற்கிறதோ, அங்கேதான் அடுத்த ஷாட்டின் முக்கியமான அசைவு தொடங்க வேண்டும். எழுத்து மாறியபோது கண் நிற்கும் மூலையும் மாறிவிட்டது.

இரண்டாம் உலகப் போர்க்காலத்தில் சோவியத் ஸ்டுடியோக்கள் மத்திய ஆசியாவுக்கு இடம்பெயர்ந்திருந்தபோது, ஜார்கியும் ஹெய்பிட்ஸும் 1942இல் ‘அவர் பெயர் சுஹே-பாத்தர்’ என்ற படத்தை எடுத்தனர். புரட்சித் தலைவராக லெவ் ஸ்வெர்த்லின் என்ற ரஷ்ய நடிகர் நடித்தார். நல்ல படம், ஆனால் மங்கோலியத் தொகுப்பாளரின் கதையில் அதற்கு இடம் குறைவு. அவரது வாழ்க்கையின் பெரிய படம் 1945இல் வந்த ‘சோக்த் தாய்ஜ்’.

அதன் திரைக்கதையை எழுதியவர் பியாம்பின் ரின்சென். மொழியறிஞர், எழுத்தாளர்; 1937இல் கைதாகிச் சில ஆண்டுகள் சிறையில் இருந்து மீண்டவர். அவர் எடுத்துக்கொண்ட நாயகன் சோக்த் தாய்ஜ், மங்கோலியரின் பெரும்பிரிவான ஹால்ஹாவைச் சேர்ந்த 17ஆம் நூற்றாண்டு இளவரசர். மஞ்சூக்கள் எழுச்சி பெற்றுவந்த காலத்தில் மங்கோலிய ஒற்றுமைக்காக நின்று, 1637இல் மேற்கு மங்கோலியத் தலைவர் குஷி கானிடம் தோற்று உயிரிழந்தவர். தொலைவில் வாழும் தன் அத்தையை நினைத்து ஏங்கி அவர் 1621இல் பாடிய கவிதை, 1624இல் பாறையில் பொறிக்கப்பட்டு இன்றும் மங்கோலியாவில் நிற்கிறது. போர்வீரரும் கவிஞருமான ஒருவரைச் சிறையிலிருந்து மீண்ட ஒரு அறிஞர் எழுதியிருக்கிறார் என்பதை மனத்தில் வைத்துக்கொண்டு பார்த்தால், அந்தப் படத்தின் ஒவ்வொரு வசனத்துக்கும் எடை கூடிவிடுகிறது.

படத்தை மங்கோலிய இயக்குநர்களோடு சேர்ந்து இயக்கியவர் யூரி தாரிச். பெலாருஸ் திரைப்படத்தின் முன்னோடிகளில் ஒருவர். இங்கே என்னை நிமிர்ந்து உட்கார வைத்த ஒரு தொடர்பு உண்டு. தாரிச் 1926இல் எடுத்த ‘பண்ணையடிமையின் சிறகுகள்’ படத்தைத் தொகுத்தவர் எஸ்ஃபிர் ஷூப். வெளிநாட்டுப் படங்களைச் சோவியத் பார்வையாளருக்காக வெட்டி மாற்றும் வேலையில் தொடங்கி, ஜார் குடும்பத்தின் பழைய சுருள்களிலிருந்தே ‘ரொமானோவ் வம்சத்தின் வீழ்ச்சி’யை 1927இல் கட்டியெழுப்பியவர், இயக்குநர் ஐசன்ஸ்டைன் தொகுப்பின் அரிச்சுவடியைப் பயின்றதும் அவர் மேசையருகில்தான். அப்படிப்பட்ட ஒருவரிடம் தன் படத்தை ஒப்படைத்துப் பழகிய இயக்குநர், பதினேழு பதினெட்டு ஆண்டுகள் கழித்து உலான் பத்தூருக்கு வந்து இன்னொரு தொகுப்பு மேசையருகே உட்கார்ந்தார். கைத்தொழில் இப்படித்தான் பயணம் செய்கிறது. புத்தகத்தின் வழியாகச் செல்வதைவிட, ‘அவர் இந்த இடத்தில் இப்படிச் செய்வார்’ என்று ஒருவர் இன்னொருவரிடம் சொல்வதன் வழியாக அது வெகுதூரம் போகிறது.

‘சோக்த் தாய்ஜ்’ போன்ற படத்தைத் தொகுக்கும்போது வரும் சிக்கல்கள் வேறெங்கும் வராதவை. முதலாவது வெட்டவெளி. நகரத்தில் எடுத்த காட்சியில் ஒரு சுவர், ஒரு தூண், ஒரு ஜன்னல் இருக்கும். யார் எந்தப் பக்கம் நிற்கிறார் என்பதை அவை சொல்லும். புல்வெளியில் எதுவும் இல்லை. வானமும் தரையும் மட்டும். இரண்டு படைகளையும் இணைக்கும் கற்பனைக் கோட்டைக் கேமரா ஒருமுறை கடந்து மறுபக்கம் போய்விட்டால், எந்தப் படை யாருடையது என்று பார்வையாளருக்குத் தெரியாமலே போய்விடும். அங்கே தொகுப்பாளருக்கு எஞ்சியிருக்கும் வழிகாட்டிகள் இரண்டே: குதிரைகள் ஓடும் திசை, நிழல் விழும் திசை. காலையில் எடுத்த ஷாட்டையும் மாலையில் எடுத்த ஷாட்டையும் ஒட்டினால், சூரியன் ஒரு நொடியில் வானத்தைக் கடந்துவிட்டதாகிவிடும். சாய்ந்த நிழல்கள் நீண்டு கிடக்கும் சமவெளியில் அதை மறைக்க ஒரு மரம்கூடக் கிடையாது.

கூடாரத்துக்குள் நுழைந்தால் சிக்கல் எதிர்மாறாகிறது. மங்கோலியரின் கெர் வட்டமானது. மூலையே இல்லாத வீடு. ஆனால் அதற்குள் திசைகள் மிகத் துல்லியமானவை. வாசல் தெற்கு நோக்கியிருக்கும். அதற்கு நேரெதிரே வடக்கில் இருப்பது ஹோய்மோர் என்ற மதிப்புக்குரிய இடம். பெரியவர்களும் விருந்தினரும் அங்கே அமர்வார்கள். மேற்கு ஆண்களின் பக்கம், கிழக்கு பெண்களின் பக்கம். நடுவில் அடுப்பு. உள்ளே நடப்பவர் சூரியன் செல்லும் வழியில், வலஞ்சுழியாகவே சுற்றி வருவார். இந்த ஒழுங்கை அறிந்த தொகுப்பாளருக்கு வாசலையும் ஹோய்மோரையும் இணைக்கும் கோடு இயல்பாகவே காட்சியின் அச்சாகிவிடும். அறியாதவர் வெட்டினால், ஒரு முதியவர் ஒரு ஷாட்டில் ஹோய்மோரிலும் அடுத்த ஷாட்டில் வாசலோரத்திலும் உட்கார்ந்திருப்பதுபோல் தோன்றும். மற்ற நாட்டவர் அதைச் சின்னத் தொடர்ச்சிப் பிழை என்பார்கள். மங்கோலியர் கண்ணுக்கு அது முதியவரை அவமதித்தது. கேமரா காட்சியின் அச்சுக்கு ஒரே பக்கத்தில் நிற்க வேண்டும் என்று திரைக்கலைப் பாடங்களில் 180 டிகிரி விதியாகச் சொல்லித்தருவதை, அந்தப் பெண் தன் பாட்டியின் வீட்டில் எங்கே உட்கார வேண்டும் என்று கேட்டுக் கற்றிருப்பார்.

நான் அதிகம் யோசித்தது நீளத்தைப் பற்றி. தொடுவானத்தில் ஒரு புள்ளியாகத் தெரியும் குதிரைக்காரன் அருகில் வந்துசேர எவ்வளவு நேரம் ஆக வேண்டும்? சோவியத் தொகுப்புப் பள்ளியில் பயின்றவர் மூன்றே ஷாட்டுகளில் அவனைக் கொண்டுவந்துவிடுவார்: தூரம், நடுத்தூரம், குளம்பு. அது சரியான தொகுப்புத்தான். ஆனால் மங்கோலியாவின் உர்தின் தூ என்ற நெடும்பாடலைக் கேட்டவர்களுக்குத் தெரியும்: நான்கு நிமிடப் பாட்டில் பத்தே சொற்கள் இருக்கலாம், ஒரே உயிரெழுத்தை இழுத்து, அலைத்து, மேலே ஏற்றி, இறக்கி, மூச்சு முடியும் இடத்தில் விடுவார்கள். அதைக் கேட்டு வளர்ந்தவர் தொடுவானத்துப் புள்ளியை உடனே வெட்டிவிட மாட்டார். வருகிறவன் யார், எந்த நடையில் வருகிறான், குதிரை களைத்திருக்கிறதா, நல்ல செய்தியா கெட்ட செய்தியா என்பதையெல்லாம் புல்வெளி மக்கள் அந்தக் காத்திருப்பில்தான் படிக்கிறார்கள். வெறுமையாகத் தோன்றும் அந்த நொடிகளில் அவர்களுக்குச் செய்தி நிறைந்திருக்கிறது. ஆரம்பகால மங்கோலியப் படங்களில் சில ஷாட்டுகள் தேவைக்கு மேல் நீள்கின்றன என்று விமர்சனங்களில் படிக்கும்போது எனக்கு உடன்பாடு ஏற்படுவதில்லை. அந்த நீளத்தை யாரோ ஒருவர் தெரிந்தே விட்டுவைத்தார்.

சொல்லையும் கவனிக்க வேண்டும். ஆங்கிலத்தில் இந்த வேலையை வெட்டு என்கிறார்கள். ரஷ்யர் பிரெஞ்சிலிருந்து பொருத்துதல் என்ற பொருள்படும் மோன்தாஷ் என்ற சொல்லை எடுத்துக்கொண்டார்கள். நாம் தொகுப்பு என்கிறோம். மங்கோலியர் எவ்லூலெக் என்கிறார்கள். அதன் வேர் ‘எவ்’: இணக்கம், ஒற்றுமை. மனம் பிரிந்த இருவரைச் சமாதானப்படுத்துவதற்கும் அதே வேரிலிருந்துதான் வினைச்சொல் பிறக்கிறது. அக்காலத்து இளைஞர் சங்கத்தின் பெயரிலிருந்த எவ்லெல் என்ற சொல்லும் அதே வேர்தான். சண்டையிட்டுக்கொண்டு நிற்கும் இரண்டு ஷாட்டுகளை மணிக்கணக்காகப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தவர் எவருக்கும் இந்தச் சொல் எவ்வளவு பொருத்தம் என்பது தெரியும்.

‘சோக்த் தாய்ஜ்’ வந்தபோது அந்தப் பெண்ணுக்கு 30 வயது. அதன்பின் வந்த ஆண்டுகளை விரைவாகக் கடந்துவிடலாம். 1949-50இல் ரயில்பாதை உலான் பத்தூரை எட்டியது; அதுவரை லாரிகளிலும் வண்டிகளிலும் எல்லைக்குச் சென்றுகொண்டிருந்த சுருள் பெட்டிகள் ரயிலேறின. மாஸ்கோவின் திரைப்படக் கல்லூரியில் படித்த இளைஞர்கள் ஒவ்வொருவராகத் திரும்பி வந்தார்கள். 1957இல் ‘விழிப்பு’, 1959இல் ஜிக்ஜித் இயக்கிய ‘மக்கள் தூதர்’ என்று ஸ்டுடியோ தன் காலில் நின்று படமெடுக்கத் தொடங்கியது. 1961இல் கிழக்கு ஜெர்மனியின் தேஃபா நிறுவனத்தோடு சேர்ந்து ‘பொற்கூடாரம்’ என்ற வண்ணப்படம் வந்தது. மங்கோலியத் தரப்பில் தோர்ஜ்பாலம் இயக்கினார். வண்ணம் வந்ததும் தொகுப்பாளருக்கு நிழலோடு புல்லின் நிறமும் சேர்ந்துகொண்டது: ஜூலைப் பச்சையையும் செப்டம்பர் மஞ்சளையும் ஒரே காட்சியில் ஒட்ட முடியாது. அப்போது அவருக்கு 46 வயது. தன்னைவிட இளைய இயக்குநர்கள் அருகே உட்கார்ந்து, ‘அக்கா, இந்த இடம் இழுக்கிறதா?’ என்று கேட்கும் வயது. மங்கோலிய மொழியிலும் மூத்தவரை உறவுச்சொல்லால்தான் அழைப்பார்கள். பெண்ணானால் ‘எக்ச்’ என்று.

படங்கள் நகரத்தோடு நின்றுவிடவில்லை. நடமாடும் திரைப்படக் குழுக்கள் புரொஜக்டரையும் மின்னாக்கியையும் ஏற்றிக்கொண்டு மேய்ச்சல் நிலங்களுக்குப் போயின. ஒரே புரொஜக்டர் இருக்கும் இடத்தில் பத்துப் பதினோரு நிமிடத்துக்கு ஒருமுறை ரீல் மாற்றக் காட்சியை நிறுத்த வேண்டும். ஆகவே ஒவ்வொரு ரீலின் முடிவும் நிறுத்தத்தைத் தாங்கும் இடமாக இருக்க வேண்டும்: உச்சத்தில் அறுந்தால் கூட்டம் முணுமுணுக்கும், தளர்ந்த இடத்தில் நின்றால் எழுந்து குதிரையைப் பார்க்கப் போய்விடும். அடுத்தது என்ன என்ற கேள்வியைக் கையில் கொடுத்துவிட்டு விளக்கு எரிய வேண்டும். கதையை ரீல்களாகப் பிரிப்பதை இன்றைய தொகுப்பாளர்கள் மறந்தேபோய்விட்டோம். அன்று அது திரைக்கதை எழுதுவதற்கு ஒப்பான வேலை.

எழுத்து அட்டைகளும் அவருடைய பொறுப்பு. புதிய எழுத்தை அப்போதுதான் கற்றுக்கொண்டிருந்த மேய்ப்பர்கள் அட்டையில் இருப்பதை உதடசைத்து, எழுத்துக்கூட்டிப் படிப்பார்கள். சிலர் பக்கத்தில் இருப்பவர்களுக்கு உரக்கப் படித்துக் காட்டுவார்கள். எத்தனை பிரேம் விட வேண்டும் என்பதைத் தானே ஒருமுறை நிதானமாக வாய்விட்டுப் படித்து, சுருளை அந்த நீளத்துக்கு அளந்துகொள்வதுதான் முறை. இயக்குநரின் பெயருக்கு 72 பிரேம், நடிகர்களின் பட்டியலுக்கு 150 பிரேம் என்று அளந்துகொண்டே வந்து, கடைசியில் தன் பெயர் இருக்கும் அட்டையை ஒளிப்பெட்டியின்மேல் வைக்கிறார். புதிய எழுத்தில் தன் பெயர் அவருக்கே சற்று அந்நியமாகத் தெரிகிறது. ஒருமுறை வாய்விட்டுப் படித்துப் பார்த்து, 40 பிரேம் என்று மெழுகு பென்சிலால் குறியிட்டு, வெட்டி, ஓரத்தைச் சுரண்டி, சிமென்ட் தடவி, அடுத்து வரும் புல்வெளியோடு சேர்த்து அழுத்துகிறார்.